ஆகாது

"எனக்குப் பூனை ஆகாது புள்ள. சொல்லிப்புட்டேன்."

வீட்டுக்காரம்மா ஹாஃபிஸா இப்படிச் சொல்லி, முந்தானையால் மூக்கைப் பொத்திக்கொண்டு போனாரா, அன்றிலிருந்து மாடியில் குடியிருக்கும் ருக்சானாவுக்கு அவரைக் கண்டாலே எரிச்சல்தான். உள்ளங்கையில் அடங்குகிற குட்டி. வெங்காயப்பேட்டையில் சாக்குக்கு அடியில் கத்திக்கொண்டு கிடந்ததைத் தூக்கி வந்திருந்தாள். அதுமேல் என்ன அப்படி ஒரு வன்மம்?

பேர் ஜாங்கிரி. மாடிப்படித் திருப்பத்தில் ஒரு கூடைதான் அதற்கு வீடு.

பாவம், உடம்பெல்லாம் தெள்ளுப்பூச்சி. சொறிந்து சொறிந்தே சோர்ந்துவிட்டது. மத்தியானம் ருக்சானாவின் கணவன் ரஃபி மருந்து வாங்கிவந்து கூடையோரம் வைத்துவிட்டுக் கடைக்குத் திரும்பிப் போனான்.

'செத்த நேரம் படுத்துட்டுப் போடுவோம்' என்று தலையைச் சாய்த்தாள் ருக்சானா.

சிறுமலைப் பக்கமிருந்து காற்று. எங்கிருந்தோ மல்லிகை வாசம். கண் சொக்கியது. கனவில் ஜாங்கிரி மேகத்தின்மேல் நடந்து போனது. மேகம் நுரைநுரையாக இருந்தது. குட்டி அதற்குள் மெல்ல மெல்ல முங்கியது. சளக், சளக்கென்று தண்ணீர்ச் சத்தம்.

விழித்தாள். சத்தம் மட்டும் நிற்கவில்லை.

கூடை காலி!

படியில் விழுந்தடித்து இறங்கினாள். கொல்லையில், பேசின் தண்ணீரில் ஜாங்கிரியை அமுக்கிப் பிடித்திருந்தார் ஹாஃபிஸா.

"யா அல்லா! கொன்னுட்டீங்களே! நீங்கல்லாம் ஒரு மனுசியா?"

"கத்தாத புள்ள. அந்தத் துண்டை எடு."

வெதுவெதுப்பான தண்ணீர். கழுத்துவரை சோப்பு நுரை. ஹாஃபிஸாவின் கையில் பேன்சீப்பு. வாரிய இடத்திலிருந்து பூச்சிகள் கறுப்புக் கறுப்பாக மிதந்தன. குட்டி என்னவோ கண்ணை மூடிக்கொண்டு சொகுசாகக் கிடந்தது.

"மருந்து வாங்கி வச்சிருந்தோமே?"

"குப்பையில போட்டுட்டேன். அட்டையப் பாத்தியா? நாய்ப் படம்! உன் மாப்புள 'குட்டிக்கு'ன்னு மட்டும் கேட்டிருப்பாரு. கடைக்காரன் நாய்க்குட்டின்னு நெனச்சுட்டான். அது பூனை உசுரையே எடுத்துரும் புள்ள."

ருக்சானா ஓடிப்போய்த் துண்டை எடுத்து வந்தாள்.

"மாட்டாஸ்பத்திரி டாக்டரம்மாவுக்குப் போன் போட்டேன். இம்புட்டுச் சின்னதுக்கு மருந்தே வேணாமாம். பாத்திரம் கழுவுற சோப்பு ஒரு சொட்டு, பேன்சீப்பு, போதுமாம். குளுர்ல விடாம ஒடனே தொடச்சிரணுமாம். உன்னைத்தான் கூப்பிட்டுக் கூப்பிட்டுப் பாத்தேன். எந்திரிச்சாத்தான?"

ருக்சானா குட்டியைத் துண்டில் சுருட்டி நெஞ்சோடு அணைத்தாள். குர்ர்ரென்று அது தூங்கத் தொடங்கியது.

"பூனையே ஆகாதுன்னீங்களே அக்கா..."

கேட்டுக்கொண்டே நிமிர்ந்தவள் அப்போதுதான் பார்த்தாள். ஹாஃபிஸாவின் கண் ரெண்டும் சிவந்து வீங்கியிருந்தன. கழுத்தெல்லாம் தடிப்பு. இடுப்பில் செருகியிருந்த இன்ஹேலரை எடுத்து வாயில் வைத்து இழுத்தார்.

"ஆமா, ஆகாதுன்னுதான் சொன்னேன்." மூச்சு இரைத்தது. "பிடிக்காதுன்னு என்னைக்கு புள்ள சொன்னேன்?"