ஆளில்லாத இடம்

"எந்தக் கபோதி ஓட்டினானோ, அவன் கையில கொள்ளி வெக்க!" என்று திட்டிக்கொண்டே தாட்சாயணி மகனுக்குச் சோறு போட்டாள்.

பெங்களூரில் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்து வேலை பார்க்கும் ஹேமநாத், திடீர் லீவில் அன்றுதான் பிச்சாட்டூருக்கு வந்திருந்தான்.

"யாரம்மா, நேத்து ஏரியில விமானத்தை வுட்டானே, அவனையா?"

"அவனையேதான். போர் விமானத்துக்குப் புதுசா என்னமோ டெஸ்டாம். உள்ள ஆளே கிடையாதாம். எங்கியோ குந்திக்கினு டிவியப் பாத்து ஓட்றானாம். நாங்க நாப்பது பொம்பளைங்க ஏரிக்கரைப் பொட்டல்ல நூறுநாள் வேலைக்கு மண்ணு வாரிக்கினு இருந்தோம். எங்க தலைமேலயே எறக்க வந்தான். ஏழுமலையான் புண்ணியம், சட்டுனு தண்ணிப் பக்கம் திரும்பிடுச்சு. அவன் வெளங்குவானா?"

ஹேமநாத் சோற்றைப் பிசைந்தான். செல்போன் அடித்தது. எச்சில் கையோடு வாசலுக்குப் போனான்.

"விசாரணைக் கமிட்டியிலிருந்து பேசறோம். மேப்புல அந்தப் பொட்டல் ஆளில்லாத இடம். அங்க இறக்கியிருந்தா விமானம் தப்பிச்சிருக்கும். நீங்க ஏன் ஏரிக்குத் திருப்பினீங்க?"

"கீழே ஆளுங்க இருந்தாங்க சார். ஸ்க்ரீன்ல பார்த்தேன்."

"உங்களுக்கு வேண்டியவங்க யாராவது இருந்தாங்களா?"

ஹேமநாத் உள்ளே பார்த்தான். அம்மா அவன் தட்டில் இன்னும் கொஞ்சம் சோறு வைத்துக்கொண்டிருந்தாள். ஸ்க்ரீனில் தெரிந்த புள்ளிகளில் ஒன்று அவள் என்பது அவனுக்கு இப்போதுதான் தெரியும். சொன்னால், பெற்றவளுக்காக அரசாங்க விமானத்தை மூழ்கடித்தவன் என்று எழுதுவார்கள்.

"இல்லை சார்."

மறுமுனைக் குரலில் கோபம் இல்லை; நிஜமாகவே புரியாத குழப்பம்தான் இருந்தது.

"அப்புறம் எதுக்குங்க திருப்பினீங்க?"