நிலவு கேட்பவளின் குரல்

தியாகராய நகர்ச் சந்தொன்றின் டப்பிங் கூடத்தில், தேவதைக் கதையொன்று தொலைக்காட்சிப் படமாகத் திரையில் ஓடுகிறது. அரண்மனையைப் பெற்ற பேராசைக்காரி, நிலவையும் கேட்டு வாய் திறக்கிறாள். அவளுக்குத் தமிழ்க் குரல் கொடுக்கும் ஷீலா, காலையிலிருந்து பேசிக் கரகரத்த தொண்டையை வெந்நீரால் நனைத்துக்கொண்டு, "போதாது" என்கிறாள். கண்ணாடிக்கு அப்பாலிருந்து இயக்குநர் சாய்நாத், "பசி பத்தலக்கா. இன்னும் ஒண்ணு" என்கிறார். மறுபடியும் சொல்கிறாள். "இன்னும் ஒண்ணே ஒண்ணு" என்கிறார் சாய்நாத். வாய்ப்புக்காக வேறொருத்தி வெளியே காத்திருப்பது கதவிடுக்கில் தெரிகிறது. திரையில் அதே உதடுகள் மீண்டும் பிரிகின்றன. "போதும் சார், முடியல" என்கிறாள் ஷீலா. மைக் அதையும் பதிந்துகொள்கிறது. சாய்நாத் நிமிர்ந்து உட்காருகிறார். "அக்கா, இதேதான். இந்தக் குரல்லயே போதாதுன்னு சொல்லுங்க." காலித் தம்ளரைக் கீழே வைத்துவிட்டு ஷீலா திரையைப் பார்க்கிறாள், அந்த வாய் திறந்தபடியே நிற்கிறது.