மாப்பிள்ளை கேட்டு வந்தவள்

“மகளுக்குக் குடுக்கிற வீடு எந்தப் பக்கம்?” என்று எடுத்த எடுப்பிலேயே கேட்டாள் சுபைறா. கேட்டபடியே, பெருநாளிலிருந்து தரையில் கிடந்த பிளாஸ்டிக் காரைக் காலால் சோபாவுக்கடியில் தள்ளிவிட்டாள்.

வந்தவள் பெயர் சுல்பிகா. பொத்துவில்காரி, இப்போது கல்முனை டவுனில் இருக்கிறாள். மகனுக்குப் பெண் பார்ப்பதாகச் சுபைறா புடவைக்கடையில் சொன்னது காதில் விழுந்து, ஒரு சீப்பு வாழைப்பழத்தோடு வந்திருந்தாள். பெண்ணுக்கு வீடு கொடுத்து மாப்பிள்ளையை அங்கே எடுத்துக்கொள்வது அந்தப் பக்கத்து வழக்கம்.

“வீடு கிட்டத்தான், ராத்தா. மேல்மாடியும் இரிக்கி.”

“எத்தின அறை?”

“மூணு.”

“மூணு காணாதே. என்ட ஹிஷாமுக்கு நேத்தும் நாலு அறையோட ஒரு இடம் வந்திச்சி.”

சுபைறாவின் பிகு அப்படி. ஆனால் சுல்பிகாவின் கை கைப்பைக்குப் போகும்போதெல்லாம் அவளுக்குத் திக்கென்றது. இவளும் எழும்பிப் போய்விட்டால் பிறகு வீட்டில் ஃபேன் சத்தம் மட்டும்தான்.

“இரிங்க, தேத்தண்ணி ஊத்துறன்.”

தேநீர் முடிந்தது. சீனி விலை, மழை, முழங்கால் நோவு எல்லாம் கதைத்தாயிற்று. மாப்பிள்ளைக்கு என்ன தொழில், எவ்வளவு சம்பளம் என்று மட்டும் சுல்பிகா கேட்கவே இல்லை.

பள்ளிவாசலில் அஸர் தொழுகைக்குப் பாங்கு சொன்னார்கள். இன்னும் இழுக்கச் சுபைறாவிடம் கேள்வி எதுவும் மிச்சமில்லை.

“சரி, மகள்ட போட்டோவக் காட்டுங்களன்.”

சுல்பிகா போனை எடுத்தாள். பார்த்தாள். பிறகு மடியில் கவிழ்த்து வைத்தாள்.

“எனக்கு மகள் இல்ல ராத்தா. புள்ளையே இல்ல. அவர் மௌத்தான பொறகு வாடகை அறை ஒண்டுல தனிய இரிக்கன். இந்த டவுனுல சும்மா போய்த் தட்டினா ஆரு கதவத் திறக்கிற? மாப்பிள்ளை கேட்டு வந்தன் எண்டாத்தான் உள்ளுக்கு எடுக்காங்க.”

அழவில்லை. பஸ் போய்விட்டது என்று சொல்வது போலச் சொல்லிவிட்டு எழுந்தாள். “மன்னிச்சிக்கங்க. நான் வாறன்.”

சுபைறாவுக்குக் கோபம் வரவேண்டும். வரவில்லை. குனிந்து, சோபாவுக்கடியிலிருந்து அந்தக் காரை எடுத்து மேசையில் வைத்தாள்.

“இரிங்க தங்கச்சி. ஹிஷாம் கலியாணம் முடிச்சி, பொண்டாட்டி வீட்டோட போய் வருசக்கணக்காச்சி.”