பேய் இல்லாத வீடு

"கற்பூரம் அடிச்சு சத்தியம் பண்றேன். இந்த வீட்டுல பேயும் இல்ல, பிசாசும் இல்லீங்க!"

நெடுஞ்செழியன் சொல்லிவிட்டு, வந்தவர்களின் முகத்தைப் பார்த்தார். சென்னையிலிருந்து வீடு வாங்க வந்திருந்த அரவிந்தனும் அவன் மனைவி வானதியும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள்.

நெடுஞ்செழியனுக்கு, காலமான சித்தி ராசம்மாள் வழியாக வந்த வீடு அது. பாபநாசத்துக்குப் பக்கத்தில், வாசலில் வாய்க்கால், கொல்லையில் தென்னை என்று லட்சணமாக இருந்தும் மூன்று வருஷமாக விலை போகவில்லை. சாயங்காலமானால் சித்தி அடுப்படியில் பாத்திரத்தை உருட்டுகிறாள் என்று ஊரே சொன்னால் எவன் வாங்குவான்? பக்கத்து வீட்டு வைரக்கண்ணுவும் தன் வீட்டை விற்க போர்டு மாட்டியிருந்தார். பேய் வீட்டுக்கு அடுத்த வீடு என்று அதையும் யாரும் எட்டிப் பார்க்கவில்லை.

வைரக்கண்ணு எப்படியோ போகட்டும். இந்த வீட்டை விற்றால்தான், இத்தனை காலம் குத்தகைக்கு உழுத நிலத்தை நெடுஞ்செழியன் சொந்தமாக்கிக்கொள்ள முடியும். தை பிறந்தால் வேறு ஆளுக்குக் கொடுத்துவிடுவேன் என்று நிலத்துக்காரர் கறாராகச் சொல்லிவிட்டார்.

"ஊருக்குள்ள வேற மாதிரி சொன்னாங்களே..." என்று இழுத்தான் அரவிந்தன்.

"இருந்துச்சுங்க. இப்ப இல்ல. போன வெள்ளிக்கிழமைதான் பூசாரியக் கூட்டியாந்து சித்திய சீசாவுல அடைச்சோம். கோயில்ல வச்சிருக்காரு. அமாவாசை அன்னிக்குக் கோடியக்கரை கடல்ல விட்டுடுவாரு."

வானதியின் முகம் தொங்கிப்போயிற்று. "அய்யய்யோ, ஏங்க இப்படிப் பண்ணீங்க?"

நெடுஞ்செழியனுக்கு ஒன்றும் புரியவில்லை. அவள் பையிலிருந்து ஒரு புத்தகத்தை எடுத்து நீட்டினாள். ஜப்பான்காரர்களின் மாங்கா படக்கதை. பேயும் சிரிப்பும் கலந்தது. புருஷன் பெண்டாட்டி இரண்டு பேருக்கும் அதென்றால் உயிராம். அவர் வழக்கம்போல முன்னாலிருந்து பிரிக்க, "பின்னாலேருந்து படிக்கணும் சார்" என்று புத்தகத்தைத் திருப்பிக் கையில் வைத்தாள்.

தலைவிரி கோலமாக ஒரு பேய் நின்றது. அடுத்த கட்டத்தில் தன் முடியே காலைத் தடுக்கி, குப்புற விழுந்தது. அதற்கடுத்ததில் வீட்டுக்காரி அதைப் பிடித்து உட்காரவைத்து, எண்ணெய் தடவிச் சடை பின்னிக்கொண்டிருந்தாள். வலி தாங்காமல் பேய் முகத்தைச் சுளித்தது. நெடுஞ்செழியன் தன்னை மறந்து கெக்கெக்கே என்று சிரித்துவிட்டார்.

"ஆபீஸ்ல தினம் மனுசங்களப் பாத்து பயந்து சாகுறோம் சார். இதுலதான் பேயப் பாத்துச் சிரிக்கிறோம்" என்றாள் வானதி. "இந்த மாதிரி ஒரு பேயோட குடித்தனம் பண்ணலாம்னுதான் இவ்வளவு தூரம் வந்தோம். பேய் இல்லைன்னா எங்களுக்கு எதுக்குங்க இந்த வீடு?"

நெடுஞ்செழியனுக்குத் தலை சுற்றியது. எந்தப் பேயால் இத்தனை நாளும் வீடு விற்கவில்லையோ, அந்தப் பேய் இல்லாமல் இப்போது விற்காது போலிருந்தது. நிலம் கையை விட்டுப் போவதை நினைத்தபோது அழுகையே வந்துவிட்டது.

"கொஞ்சம் பொறுங்க. சித்தி கோயில்லதானே இருக்கு, நானே போயிக் கூட்டியாந்துடுறேன். எங்க சொந்தம்தானே, நான் கூப்புட்டா வரும்!"

மதிலுக்கு அந்தப் பக்கம் யாரோ பைக்கை உதைத்துக் கிளப்பும் சத்தம் கேட்டது. அவர் அதைக் காதில் வாங்கவில்லை. வந்தவர்களை நிழலில் உட்காரவைத்து, ஆளுக்கொரு இளநீர் வெட்டிக் கொடுத்துவிட்டு, சைக்கிளில் கோயிலுக்குப் பறந்தார்.

பூசாரி கோயில் வாசலில் நிதானமாக வெற்றிலை போட்டுக்கொண்டிருந்தார்.

"பூசாரி ஐயா, சீசாவக் குடுங்க! நான் சித்திய வீட்டுக்குக் கூட்டிட்டுப் போறேன்!" என்றார் நெடுஞ்செழியன் மூச்சு வாங்க.

பூசாரி அவரை மேலும் கீழும் பார்த்தார்.

"சித்திய இனிமே தன் வீட்டுலயே வச்சுக் காப்பாத்துறேன்னு சொல்லி, இப்பதான் உங்க பக்கத்து வீட்டு வைரக்கண்ணு வந்து கூட்டிட்டுப் போறாரு!"