யாரினாவுக்குச் சொன்ன வழி

மூடுபனிக்குள் கார் சத்தம் கேட்டதும் யூகிம் லைட்டரைப் பற்றவைத்துக்கொண்டான்.

அவன் கையில் பெட்ரோல் பாட்டில். என் கையில் வாத்து சுடும் துப்பாக்கி. மணல் மூட்டைகளுக்குப் பின்னால் எங்கள் ஊர்ப் படை மொத்தமும் அவ்வளவுதான். ஒரு டிராக்டர் மெக்கானிக், ஒரு பள்ளிப் பேருந்து ஓட்டுநர்.

"பனாஸ் அண்ணே, துப்பாக்கிய இப்படிக் கட்டிப் பிடிச்சிருக்கீங்களே. வாத்துகூட உங்களப் பாத்துச் சிரிக்கும்."

பயம்தான். போர் என்றால் எதிரியைக் கண்டு பயப்படுவது என்று நினைத்திருந்தேன். இந்தப் பத்து நாளாகப் பால் வண்டி வந்தாலும் பயமாக இருக்கிறது.

வருவது ரஷ்யர்கள் என்றால் எங்கள் கதை முடிந்தது. யாரினா என்றால், என் விரல் கொஞ்சம் அவசரப்பட்டாலும் அதற்குப் பிறகு நான் உயிரோடு இருந்து என்ன?

யாரினா என் மருமகள். கீவ் நகரத்துப் பெண். கல்யாணத்துக்கு ஒரு தடவை இங்கே வந்ததோடு சரி. மகன் போர்முனையில் இருக்கிறான். நான்கு மாதக் குழந்தையை வைத்துக்கொண்டு தனியாகக் கார் ஓட்டி வருகிறாள். திங்கட்கிழமை பேசினாள். அன்று மாலையே குண்டு விழுந்து செல்போன் கோபுரம் சாய்ந்துவிட்டது.

கார் நின்றது. கைகளைத் தூக்கிக்கொண்டு ஒரு பருத்த பெண்மணி இறங்கினாள். பின்சீட்டில் இரண்டு ஆடுகள்.

எனக்கு அப்பாடா என்றிருந்தது. யூகிம் லைட்டரை அணைத்தான். அவள் எங்களைப் பார்த்துக் கத்தினாள்.

"ரோட்டுப் பிரிவுல இருந்த ஊர்ப் பலகைய எந்த நாசமாப்போறவன்யா கழட்டினான்? முன்னாடி ஒரு சின்னப் பொண்ணு ஓட்டிட்டுப் போனா. அவளுக்கு வழி தெரியும்னு நம்பி நானும் இடது பக்கம் போயிட்டேன். தூரத்துல டாங்கியப் பாத்ததும் வண்டியத் திருப்பிட்டேன். அவ போயிட்டே இருந்தா."

எதிரி வழி தெரியாமல் திணறட்டும் என்று செவ்வாய்க்கிழமை சுற்றுவட்டாரத்தில் இருந்த ஊர்ப் பலகைகளையெல்லாம் கழற்றியிருந்தோம். அந்தப் பிரிவு என் பங்கு. கழற்றிவிட்டு வந்த பெருமையில் அன்று ஒரு கிளாஸ் வோட்கா கூடக் குடித்தேன்.

முன்னால் போன கார் என்ன நிறம் என்று கேட்க யூகிம் வாயெடுத்தான். நான் அவன் முழங்கையை இறுகப் பிடித்துக்கொண்டேன்.

வழி தப்பிவிடுமோ மாமா என்று யாரினா திங்கட்கிழமை கேட்டிருந்தாள்.

பிரிவில் பலகை இருக்கும்மா, அதைப் பார்த்துத் திரும்பு என்று சொல்லியிருந்தேன்.