ஒரிஜினல் சிடி

ஒரிஜினல் சிடியைப் போடவும் என்று மறுபடியும் கேட்டது கம்ப்யூட்டர்.

போட்டுத்தானே இருக்கிறது. உள்ளே கிர்ரென்று சுற்றுவது எனக்கே கேட்கிறது. சோற்றை வாயில் வைத்துக்கொண்டு சோறு எங்கே என்று கேட்கிற ஜென்மத்தை இப்போதுதான் பார்க்கிறேன்.

எனக்கு இங்கிலீஷ் தெரியாது. மாப்பிள்ளைதான் படித்துச் சொன்னார். போன வாரம் என் பேத்தி ஆடுகிற வீடியோவை சிடியில் ஏற்றுவதற்காக இதில் ஏதோ ஒரு புரோகிராமைப் போட்டாராம். இப்போது போட்டிருக்கிற மீன் விளையாட்டு சிடியோடு ஒட்டிக்கொண்டு வந்த காவல் புரோகிராம் அதை மோப்பம் பிடித்துவிட்டதாம். சிடி காப்பி எடுக்கிற திருட்டுப்பயல் வீடு இது என்று முடிவு கட்டிவிட்டதாம்.

அந்த வீடியோ புரோகிராமைத் தூக்கிப்போட்டுப் பார்த்தார். அப்புறமும் அது நம்பவில்லை.

என் வீட்டுக்காரி நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள். அவள் வலது கை மவுஸ் மேல் கிடந்தது.

கிடந்தது என்றுதான் சொல்ல வேண்டும். வாதம் அடித்ததிலிருந்து அந்தக் கை அவள் பேச்சைக் கேட்பதில்லை. விரலை அசைக்காமல் விட்டால் கட்டையாகிவிடும் என்று டாக்டர் சொல்லியிருக்கிறார். அமுக்கிப் பழக ரப்பர் பந்து கொடுத்தார்கள். அதை இடது கையால் எடுத்து என் மேல் எறிந்தாள்.

மகள் பள்ளிக்கூடம் போகிற காலத்தில் அடம்பிடித்து வாங்கிய இந்த மீன் விளையாட்டுக்குத்தான் மசிந்தாள். மீன் வரும்போது விரலை அமுக்க வேண்டும், அவ்வளவுதான். விரல் மெல்ல உயிர் பிடித்தது. ஆட்டம் நின்ற இந்த ஒரு வாரத்தில் மறுபடி உள்ளே மடங்க ஆரம்பித்திருக்கிறது.

கம்பெனிக்குப் போன் போடுங்கள் என்றேன்.

கம்பெனியை இழுத்து மூடி எத்தனையோ காலம் ஆயிற்றாம். முதலாளி போய்விட்டான், கடை போய்விட்டது, நாய் மட்டும் வாசலில் நின்று குரைக்கிறது.

நானும் காவல் காத்தவன்தான். தலை நரைக்கும்வரை மில் கேட்டில் நின்றேன். பையைத் திறந்து காட்டாமல் ஒருத்தன் என்னைத் தாண்டியதில்லை. அது என் வேலை. ஆனால் காசு கொடுத்து நூல் வாங்கிப் போனவன் வீட்டுக்குப் பின்னாலேயே போய், அவன் பீரோவைத் திறந்து, கட்டிலுக்கடியில் குனிந்து பார்த்ததில்லை.

இது பார்க்கிறது. ஆட்டத்தைத் திறக்கிற ஒவ்வொரு தடவையும் பார்க்கிறது. ஆயிரம் தடவை பார்த்து ஒன்றும் கிடைக்காதவன் ஆயிரத்தோராவது தடவையும் பார்த்தால் அவன் பெயர் காவல்காரனா? கிறுக்கன்.

“மாமா, பூட்டை உடைச்ச காப்பி நெட்ல கிடைக்குது. அதைப் போட்டா சிடியே கேட்காது” என்றார் மாப்பிள்ளை.

அதாவது திருட்டுக் காப்பி. திருடியவன் வீட்டில் மீன் துள்ளுகிறது. காசு கொடுத்தவன் வீட்டில் குளம் வற்றிக் கிடக்கிறது. நல்ல நியாயம்.

அவள் விரலைப் பார்த்தேன்.

“போடுங்க மாப்ளே. திருடன்னு முத்திரை குத்திட்டான், இனிமே யோக்கியனா இருந்து யாருக்கு லாபம்?”

போட்டார். அது ஒரு கேள்வி கேட்கவில்லை. நேராகத் தண்ணீர் வந்தது. மஞ்சளாக ஒரு மீன் வந்தது.

போயும்விட்டது. அடுத்ததும் போயிற்று.

அவள் நாக்கைக் கடித்துக்கொண்டாள். விரல் நடுங்கியது. இறங்கியது.

டக்.

மீன் மாட்டியது. நான் சுவரில் பல்லி தேடுகிறவன் மாதிரி முகத்தைத் திருப்பிக்கொண்டேன்.

ஒரிஜினல் சிடியை எடுத்து அலமாரிக்குள் வைத்துப் பூட்டிச் சாவியை இடுப்பில் செருகினேன். இனி ஒன்றுக்கும் உதவாதுதான். அதற்காக வெளியே போட்டு வைக்க முடியுமா?

மாப்பிள்ளை கிளம்பினார். தங்கமான மனுஷன். இதற்காகவே வேலைக்கு லீவு போட்டுவிட்டு வந்திருந்தார்.

வாசலில் செருப்பை மாட்டினார். தோள்பையைக் கழற்றி, ஜிப்பை இழுத்து, என் முன்னால் விரித்துப் பிடித்தார்.

நான் கேட்கவில்லை. கல்யாணமான புதிதில் ஒரு தடவை கேட்டதோடு சரி. அதிலிருந்து இந்த வீட்டைவிட்டுக் கிளம்பும்போதெல்லாம் அவரே காட்டிவிடுவார்.

குடை, டிபன் பாக்ஸ், ஸ்க்ரூடிரைவர். வேறு ஒன்றும் இல்லை. எப்போதும் ஒன்றும் இருந்ததில்லை.

உள்ளே மவுஸ் சத்தம் நின்றிருந்தது; அவள் வாசலைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

அடிவரைக்கும் கைவிட்டுப் பார்த்துவிட்டு, ஜிப்பை நானே மூடினேன்.