முதல் படி

மாலை ஆறு மணி. பிட்ஸ்பர்க் தச்சர் சங்கப் பயிற்சிக்கூடத்தில் அறுத்த பைன் மரமும் பிளாஸ்கில் ஆறிய காப்பியும் மணக்கின்றன. பகலெல்லாம் வேலைத்தளத்தில் பலகை சுமந்த ரெனாட்டா, தேர்வுக்காகத் தான் செய்த மரப்படிக்கட்டில் ஏறிப் பார்க்கிறாள். முதல் படியிலேயே பூட்ஸ் முனை இடிக்கிறது. கால் வைக்கும் மிதிபலகையின் கனத்தை, படிகளைத் தாங்கும் சாய்வுச் சட்டத்தின் அடியில் அறுத்துக் கழிக்க மறந்திருக்கிறாள். அந்தப் படி மற்றப் படிகளைவிட ஓர் அங்குலம் உயரம். "மறுபடியுமா? போன தேர்வுலயும் இதே இடத்துலதானே கோட்டை விட்ட!" பக்கத்து மேசை டுவெய்ன் சிரிக்கிறான். "வாயை மூடுடா" என்கிறாள் ரெனாட்டா. பயிற்சியாளர் வால்ட் நெருங்குகிறார். அவர் அளவுநாடா எடுப்பதில்லை. கண்ணை மூடிக்கொண்டு ஏறிப் பார்ப்பார்; கால் இடறாவிட்டால் தேர்ச்சி. இன்று அவருக்கும் கால் ஓய்ந்திருக்கிறது, உயரம் தெரியாமலே போகலாம். கண் மூடுகிறது, முழங்கால் மளுக்கென்கிறது, பூட்ஸ் எழும்புகிறது. ரெனாட்டா மரத்தூள் படிந்த கையை அவர் தோளில் வைத்துத் தடுக்கிறாள். "ஏறாதீங்க வால்ட். முதல் படி தப்பு. அடுத்த மாசத் தேர்வுல ஏறலாம்."